கைமாற்றுக்கு மூன்று வருட ஆயுள்

திருப்பூரில் சனிக்கிழமை சம்பள நாள். ஏற்றுமதி கம்பெனியில் முடங்கிக் கிடக்கும் பில் பணம் இரண்டு மாதம் கழித்து வரலாம், மூன்று மாதமும் ஆகலாம். டெய்லருக்கும் கட்டிங் மாஸ்டருக்கும் செக்கிங் பெண்களுக்கும் கூலி அந்த வாரமே போய்ச் சேர வேண்டும். நடுவில் விழும் பள்ளத்தை அடைக்க வங்கி வாசலில் நின்றால் வாரம் தாண்டிவிடும். பக்கத்து யூனிட்காரரிடமோ மச்சானிடமோ கைமாத்து கேட்பதுதான் வழக்கம். "பில் வந்ததும் கொடுத்துடறனுங்க" என்ற ஒரு சொல்லில் லட்சங்கள் கைமாறுகின்றன. தாள் கிடையாது, கையெழுத்து கிடையாது. கேட்டால் உறவு கெட்டுவிடும் என்ற கூச்சமும் உண்டு.

இதை அறியாமை என்று ஒதுக்கிவிட முடியாது. இந்த ஊர் வளர்ந்த வழியே இதுதான். 2019-இல் பொருளாதார நோபல் பெற்றவர்களுள் ஒருவரான அபிஜித் பானர்ஜி, கைவன் முன்ஷியோடு சேர்ந்து திருப்பூர் பின்னலாடைத் தொழிலை ஆராய்ந்து 2004-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். உள்ளூர் விவசாயச் சமூகத்திலிருந்து தொழிலுக்கு வந்தவர்கள் சொந்தபந்தத்தின் பணத்தை எளிதில் திரட்டி அதிக முதலோடு இறங்கினார்கள்; வெளியிலிருந்து வந்தவர்கள் குறைந்த முதலோடு தொடங்கினாலும் வேகமாக வளர்ந்தார்கள் என்று அது காட்டியது. முதல் எங்கே போய்ச் சேர்கிறது என்பதை உறவும் பழக்கமும் முடிவு செய்யும் ஊர் இது.

தொழில் ஓடும்வரை இந்த ஏற்பாடும் ஓடும். 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்ற உத்தரவால் சாயப்பட்டறைகள் மூடப்பட்டபோதும், 2016 நவம்பரில் பழைய நோட்டு செல்லாமல் போனபோதும், 2020-இல் ஊரடங்கு வந்தபோதும், 2025 ஆகஸ்டில் அமெரிக்கா 50 சதவீத வரி போட்டபோதும் ஆர்டர் நின்றது. ஆர்டர் நின்றால் கைமாத்தும் அங்கங்கே உறைந்துவிடும். அப்போதுதான் பணம் கொடுத்தவர் வக்கீல் அலுவலகத்தில் வந்து உட்கார்ந்து, "எழுத்துன்னு எதுவும் இல்லீங்க, கேஸ் நிக்குமுங்களா?" என்று கேட்கிறார்.

நிற்கும். ஆனால் அவர் முதலில் கேட்டிருக்க வேண்டிய கேள்வி வேறு. கடன் உண்டாவதற்குச் சட்டம் எழுத்தைக் கேட்கவில்லை. அந்தக் கடன் மூன்று ஆண்டுகளைத் தாண்டி உயிரோடு இருக்கத்தான் எழுத்தைக் கேட்கிறது. நம்மில் பலர் இதைத் தலைகீழாகப் புரிந்துவைத்திருக்கிறோம். எழுத்து இல்லையே என்று பயந்து, சாட்சியம் கையில் இருக்கும்போது வழக்குப் போடாமல் விடுகிறோம். வட்டிதான் வந்துகொண்டிருக்கிறதே என்று நம்பி, கெடு முடிவதைக் கவனிக்காமல் விடுகிறோம்.

எதை நிரூபிக்க வேண்டும்?

1872-ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டம் வாய்மொழி ஒப்பந்தத்தை ஏற்கிறது. நிலத்தை விற்க எழுதிப் பதிய வேண்டும் என்பதுபோல, பணம் கடன் கொடுக்க இப்படி ஒரு நிபந்தனை இல்லை. எனவே "ஒப்பந்தப் பத்திரம் இல்லை" என்ற ஒரே காரணத்துக்காக எந்த நீதிமன்றமும் பிராதைத் தள்ளாது. சாட்சியம் போதவில்லை என்றால்தான் தள்ளும்.

வாதி மூன்று விஷயங்களை நிலைநாட்ட வேண்டும். பணம் என் கையிலிருந்து அவர் கைக்குப் போனது. திருப்பித் தர வேண்டிய கடனாகத்தான் போனது. கெடு இன்னும் முடியவில்லை. இவற்றை நிரூபிக்கும் பொறுப்பு கேட்பவர் மேல்தான். ஆனால் கொலை வழக்கைப் போலச் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கத் தேவையில்லை. இரு தரப்புக் கதைகளில் எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்று பார்த்துத்தான் உரிமையியல் நீதிமன்றம் முடிவு செய்யும். ஒற்றை ஆவணம் இல்லாவிட்டாலும், சின்னச் சின்னச் சான்றுகள் ஒரே திசையைக் காட்டினால் போதும்.

புரிவதற்காக ஒரு கற்பனை வழக்கை வைத்துக்கொள்வோம். வேலம்பாளையத்தில் பத்து பவர் டேபிள் வைத்து ஜாப் ஒர்க் செய்பவர் ஒருவர். பக்கத்துத் தெருவில் அதே தொழில் செய்யும் நண்பருக்கு 2022 மார்ச் 5 அன்று 3 லட்சம் கொடுக்கிறார். 1 லட்சம் ஜிபேயில் போகிறது. மீதி 2 லட்சம் ரொக்கம். அதற்காக முந்தின நாள் மனைவியின் நகையை வங்கியில் அடகு வைக்கிறார். பேசியது இரண்டு பைசா வட்டி. அதாவது நூற்றுக்கு மாதம் இரண்டு ரூபாய், 3 லட்சத்துக்கு மாதம் 6,000.

பணம் போன தடம்

வங்கி வழியே போன 1 லட்சத்தில் சிக்கல் குறைவு. வங்கியிடம் முறைப்படி சான்றிட்ட கணக்குப் படிவத்தை வாங்கித் தாக்கல் செய்தால், 1891-இன் வங்கியாளர் ஏடுகள் சாட்சியச் சட்டம் அதை நேரடியாக ஏற்கச் சொல்கிறது. செல்போனில் எடுத்த ஸ்கிரீன்ஷாட்டை மட்டும் நம்ப வேண்டாம்.

ரொக்கமாகப் போன 2 லட்சத்தில்தான் எதிர்த் தரப்பு குடையும். "இவருக்கு ஏது அவ்வளவு பணம்?" என்பது குறுக்கு விசாரணையின் முதல் கேள்வியாக இருக்கும். 2019-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த பசலிங்கப்பா வழக்கு இந்தக் கேள்வியின் எடையைக் காட்டும். 6 லட்சம் கடன் கொடுத்ததாகச் சொன்னவர் கையில் செக் இருந்தது. ஆனால் அதே காலத்தில் வேறு பலருக்கும் பணம் கொடுத்திருந்த அவரால், இந்தத் தொகை எங்கிருந்து வந்தது என்று காட்ட முடியவில்லை. எதிராளி விடுதலையானார். செக் வைத்திருந்தவருக்கே இந்த நிலை என்றால், எதுவும் இல்லாதவர் பணத்தின் ஊற்றைக் காட்டியே ஆக வேண்டும்.

நம் உதாரணத்தில் நகைக்கடன் ரசீது அந்த வேலையைச் செய்யும். மார்ச் 4 அன்று அடகு, அன்றே ரொக்கம் எடுப்பு, மார்ச் 5 அன்று கைமாற்று. மூன்று தேதிகளும் ஒன்றையொன்று தாங்கி நிற்கும். சீட்டு எடுத்த பணம், நிலம் விற்ற பணம், மகளிர் குழுவில் வாங்கிய கடன் எதுவானாலும் தேதியுள்ள ரசீது ஒன்று இருக்கும். பணம் கொடுத்த காகிதம் இல்லாவிட்டாலும், பணம் வந்த காகிதம் வீட்டில் எங்காவது கிடக்கும். அதைத் தேடுங்கள்.

ரொக்கம் என்றதும் வருமான வரிப் பயம் வரும். 20,000 ரூபாயும் அதற்கு மேலும் ரொக்கமாகக் கடன் வாங்கக் கூடாது என்பது வரிச் சட்டத்தின் விதி. மீறினால் அதே அளவு அபராதம் வாங்கியவர் மேல் விழும். இந்த மீறலால் கடனே செல்லாது என்று சில தீர்ப்புகள் குழப்பம் உண்டாக்கியிருந்தன. 2025 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அதைத் தெளிவுபடுத்திவிட்டது: வரிச் சட்ட மீறலுக்கு வரிச் சட்டத்தின் அபராதம் மட்டுமே, அதனால் கடன் செல்லாததாகிவிடாது. அதே ஆண்டு ஏப்ரலில் அந்த நீதிமன்றம் இன்னொன்றும் சொன்னது. 2 லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாகக் கொடுத்ததாக வழக்கு வந்தால், நீதிமன்றம் அதை வருமான வரித் துறைக்குத் தெரிவிக்க வேண்டும். எனவே வழக்குப் போடும் முன் உங்கள் சொந்தக் கணக்கு நேராக இருக்கிறதா என்று ஆடிட்டரிடம் பார்த்துக்கொள்வது நல்லது.

கடனா, கூலியா, பழைய பாக்கியா?

திருப்பூர் வழக்குகளில் உண்மையான சண்டை இங்கேதான். பணம் வந்ததை எதிராளி மறுக்க முடியாது. வங்கிக் கணக்கு காட்டிக்கொடுத்துவிடும். "வந்ததுங்க, ஆனா அது கடன் இல்லீங்க, பீஸ் ரேட் பாக்கி" என்பார். நிட்டிங்காரர், காம்பாக்டிங்காரர், பிரிண்டிங்காரர், தையல் யூனிட்காரர் எல்லோருக்கும் இடையே பணம் இரு திசையிலும் போய்வருவதால், இந்தப் பதில் நம்பும்படியாகவே இருக்கும். பணம் போனதைக் காட்டினால் மட்டும் அது கடன் என்று ஆகிவிடாது.

அதே சமயம், வேறு காரணம் சொல்பவர் அதைச் சும்மா சொல்லிவிட்டுப் போகவும் முடியாது. ஜாப் ஒர்க் பாக்கி என்றால் எந்த ஆர்டர், எத்தனை பீஸ், டெலிவரி சலான் எங்கே, ஜிஎஸ்டி பில் எங்கே என்ற கேள்விகள் வரும். அவருக்கு மட்டுமே தெரிந்த விவரத்தை அவர்தான் காட்ட வேண்டும். காட்ட முடியாதபோது தராசு வாதியின் பக்கம் சாயும்.

கடன்தான் என்று காட்ட உதவும் சான்றுகளில் இன்று முன்னணியில் இருப்பது வாட்ஸ்அப். "அடுத்த மாசம் அசல்ல ஐம்பது தந்துடறேன்" என்ற ஒரு செய்தி, கடன், அசல், பாக்கி மூன்றையும் ஒப்புக்கொள்கிறது. இதைக் கோர்ட்டில் ஏற்றுவதற்கு ஒரு முறை உண்டு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சிய அதினியத்தின் 63-ஆம் பிரிவு, மின்னணுப் பதிவின் அச்சுப் பிரதியோடு ஒரு சான்றிதழ் கேட்கிறது. அதில் ஒரு பகுதியை நீங்களும் மற்றொரு பகுதியை நிபுணரும் கையெழுத்திட வேண்டும். கோப்பு திருத்தப்படவில்லை என்று காட்டும் ஹாஷ் எண்ணும் அதில் இருக்கும். பழைய சாட்சியச் சட்டத்தின் 65பி சான்றிதழ் கட்டாயம் என்று 2020-இல் அர்ஜுன் பண்டித்ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதிப்படுத்தியது. அந்த செல்போனையே கூண்டில் ஏறித் தாக்கல் செய்தால் சான்றிதழ் தேவையில்லை என்றும் அதே தீர்ப்பில் உண்டு. ஆகவே போன் மாற்றும்போது பழையதை எக்ஸ்சேஞ்சில் கொடுத்துவிடாதீர்கள். உரையாடலை அழிக்காதீர்கள், உங்களுக்குப் பாதகமான வரிகளையும் நீக்காதீர்கள். வெட்டி ஒட்டிய உரையாடல் முழுச் சாட்சியத்தையும் சந்தேகத்துக்கு உள்ளாக்கும்.

போன் பேச்சுப் பதிவும் ஏற்கப்படும். குரல் யாருடையது என்று அடையாளம் தெரிய வேண்டும், பதிவு தெளிவாக இருக்க வேண்டும், கைவைக்கப்பட்டிருக்கக் கூடாது.

அடுத்தது கணக்கு நோட்டு. தினமும் முறையாக எழுதப்படும் நாள்வழியும் பேரேடும் சாட்சியத்தில் ஏறும். ஆனால் அந்தப் பதிவை மட்டும் வைத்து யார் தலையிலும் கடனைக் கட்ட முடியாது. அதைத் தாங்க வேறு சாட்சியம் வேண்டும். தனித் தாளில் குறித்தது கணக்குப் புத்தகமே ஆகாது, டைரிப் பதிவு மட்டும் தனியாக நின்று எதையும் நிரூபிக்காது என்பது 1998-இல் ஜெயின் ஹவாலா டைரிகள் தொடர்பான வி.சி. சுக்லா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அமைச்சர்கள் பெயர் இருந்த டைரிக்கே அந்தக் கதி என்றால், நம் மேஜை டிராயரில் கிடக்கும் துண்டுச் சீட்டின் பலத்தை யோசித்துக்கொள்ளலாம்.

உங்கள் நோட்டைவிடப் பலமானது எதிராளியின் கணக்கு. அவர் வங்கிக் கடனுக்கோ வரிக்கோ ஆடிட்டர் மூலம் கொடுத்த ஐந்தொகையில், பிணையில்லாக் கடன்கள் என்ற தலைப்பில் உங்கள் பெயர் இருக்கலாம். அவர் கையெழுத்திட்ட ஆவணம் என்பதால், அவரே கொடுத்த ஒப்புதல் அது. நீதிமன்றம் மூலம் அதை வரவழைக்கக் கேட்கலாம்.

சாட்சிகள் இத்தனை பேர் வேண்டும் என்ற கணக்குச் சட்டத்தில் இல்லை. நம்பத் தகுந்த ஒருவர் போதும். மனைவியும் தம்பியும் சாட்சி சொல்லலாம். உறவினர் என்பதாலேயே ஒதுக்கிவிட மாட்டார்கள், கூடுதல் கவனத்தோடு பார்ப்பார்கள். ஊர்ப் பெரியவர் முன்னிலையில் பேசி, "இவ்வளவு தர வேண்டும், இந்தத் தேதிக்குள் தருகிறேன்" என்று எழுதிக் கையெழுத்திட்ட தாள் இருந்தால் அது பொன்னான சான்று.

வட்டி வந்தாலும் கெடு ஓடும்

இப்போது நண்பருக்குப் பணம் கொடுத்த நம் வேலம்பாளையத்துக்காரரிடம் திரும்புவோம். மாதம் 6,000 வட்டி தவறாமல் ரொக்கமாக வந்தது. 2022 ஏப்ரல் முதல் 2025 ஜூன் வரை 39 மாதம், மொத்தம் 2,34,000. ஜூலையில் வட்டி நின்றது. ஆகஸ்டில் வக்கீலைப் பார்க்கிறார். அவரிடம் ஜிபே பதிவு இருக்கிறது, நகைக்கடன் ரசீது இருக்கிறது, சாட்சியும் இருக்கிறார். ஆனாலும் பெரும்பாலும் வழக்கு தோற்கும். 2025 மார்ச் 5-ஆம் தேதியோடு கெடு முடிந்துவிட்டது.

1963-இன் காலவரம்புச் சட்டப்படி, கொடுத்த பணத்தைத் திரும்பக் கேட்கும் வழக்குக்கு மூன்று ஆண்டு கெடு. கேட்டவுடன் தருவதாகப் பேசிக் கொடுத்திருந்தாலும், கெடு தொடங்குவது பணம் கொடுத்த நாளிலிருந்துதான். கேட்ட நாளிலிருந்து இல்லை, கடைசி வட்டி வந்த நாளிலிருந்தும் இல்லை. "இந்தத் தேதியில் தருகிறேன்" என்று தவணை பேசியிருந்தால், அந்தத் தேதியிலிருந்து கணக்கிடக் கேட்கலாம். ஆனால் வாயால் பேசிய தவணையை நிரூபிப்பதும் உங்கள் தலையில்தான் விழும். எதிராளி கெடுவைப் பற்றி வாயே திறக்காவிட்டாலும், காலங்கடந்த வழக்கை நீதிமன்றம் தானாகவே தள்ளுபடி செய்ய வேண்டும் என்று அச்சட்டத்தின் 3-ஆம் பிரிவு சொல்கிறது.

வட்டி கொடுத்தது கடனை ஒப்புக்கொண்டதாகாதா? ஆகும், ஒரு நிபந்தனையோடு. கெடு முடியும் முன் வட்டியோ அசலில் ஒரு பகுதியோ கொடுத்தால் அந்த நாளிலிருந்து புதிதாக மூன்று ஆண்டு ஓடும் என்கிறது 19-ஆம் பிரிவு. ஆனால் அப்படிக் கொடுத்ததற்கு, கொடுத்தவரின் கையெழுத்திலோ அவர் கையொப்பமிட்டோ ஒரு பதிவு இருக்க வேண்டும். நீங்கள் உங்கள் நோட்டில் "வட்டி வரவு 6,000" என்று எழுதிக்கொண்டால் அது உங்கள் எழுத்து. கெடுவை ஒரு நாள்கூட நீட்டாது. நண்பர் கையெழுத்திட்ட செக்காக 2024 பிப்ரவரி வட்டி மட்டும் வந்திருந்தால், கெடு 2027 பிப்ரவரிக்குப் போயிருக்கும். 39 மாத ரொக்கத்தால் முடியாததை ஒரே ஒரு செக் செய்து முடித்திருக்கும்.

இன்னொரு வழி 18-ஆம் பிரிவு. கெடு முடியும் முன் கடனை ஒப்புக்கொண்டு கடன்காரர் கையெழுத்திட்டால், அன்றிலிருந்து புது மூன்று ஆண்டு. "தர வேண்டியது உண்டு, இப்போ முடியாது" என்று எழுதினாலும் போதும். அது உங்களுக்கு எழுதியதாக இருக்க வேண்டிய அவசியமும் இல்லை. மூன்றாம் ஆளுக்கு எழுதியதும் செல்லும். தொழில் நொடித்தவர் ஐ.பி. (திவால் மனு) போட்டு மஞ்சள் நோட்டீஸ் அனுப்பினால் எல்லாம் போயிற்று என்று உட்கார்ந்துவிடுகிறோம். அந்த மனுவோடு அவர் கையெழுத்திட்டுக் கொடுத்த, கடன் கொடுத்தவர்கள் பட்டியலில் உங்கள் பெயரும் தொகையும் இருந்தால், உங்களுக்கு அதுவரை இல்லாத எழுத்து அதுதான்.

கெடு முடிந்த பிறகு? வாயால் எத்தனை முறை "தந்துடறேன்" என்றாலும் பயனில்லை. ஒப்பந்தச் சட்டத்தின் 25-ஆம் பிரிவில் ஒரு சிறு வாசல் இருக்கிறது. காலங்கடந்த கடனைத் தருவதாக எழுதிக் கையெழுத்திட்டால் அதுவே புதிய ஒப்பந்தம். அங்கும் கேட்பது எழுத்தையே. வாட்ஸ்அப் செய்தி கையெழுத்துக்குச் சமமா என்பதை வாதாடலாம். ஆனால் வாதாடித்தான் ஜெயிக்க வேண்டிய ஒன்றை நம்பி மூன்றாம் ஆண்டைக் கடக்க விடுவது புத்திசாலித்தனம் இல்லை.

செக்கும் புரோநோட்டும்

கடன் பத்திரம் இல்லாமல் வெறும் செக் மட்டும் கையில் இருப்பவர்களும் உண்டு. அவர்கள் நிலை நல்ல நிலை. 1881-இன் மாற்றுமுறை ஆவணச் சட்டப்படி, கையெழுத்தை ஒப்புக்கொண்டால் செக் கடனுக்காகத்தான் கொடுக்கப்பட்டது என்று நீதிமன்றம் அனுமானித்தாக வேண்டும். 2010-இல் ரங்கப்பா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு இதை உறுதிசெய்தது. அனுமானத்தை உடைக்கும் வேலை எதிராளியுடையது. ஆனால் இங்கே கெடு இன்னும் குறுகியது. செக் தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள் வங்கியில் போட வேண்டும். திரும்பிய தகவல் கிடைத்த 30 நாளுக்குள் நோட்டீஸ். நோட்டீஸ் கிடைத்தபின் பணம் கட்ட 15 நாள் அவகாசம். அதற்குப் பிறகு ஒரு மாதத்துக்குள் புகார்.

புரோநோட்டு வாங்குபவர்கள் ரெவின்யூ ஸ்டாம்பை மறந்துவிடக் கூடாது. ஸ்டாம்பு இல்லாத புரோநோட்டைப் பிறகு அபராதம் கட்டிச் சரிசெய்ய முடியாது. 1938-இலேயே சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு பெருமாள் செட்டியார் வழக்கில் இந்தச் சிக்கலை அலசியது. கடனின் எல்லா நிபந்தனைகளும் அந்தப் புரோநோட்டிலேயே அடங்கியிருந்து, அது ஸ்டாம்பு குறைபாட்டால் ஏற்கப்படாமல் போனால், அதை விட்டுவிட்டு வாய்மொழிக் கடன் என்று வழக்காட இடமில்லை. பிணையாகவோ வேறு நிபந்தனைகளுக்குத் துணையாகவோ கொடுத்ததென்றால் மூலக் கடனை நிரூபிக்கலாம். ஒரு ரூபாய் ஸ்டாம்பை ஒட்டாமல் விட்டதால், எழுத்தே இல்லாதவரைவிட எழுத்து வைத்திருப்பவர் மோசமான நிலைக்குப் போகலாம்.

வழக்கு நடக்கும் விதம்

முதலில் வக்கீல் நோட்டீஸ். தொகை, தேதி, கொடுத்த விதம், வந்த வட்டி எல்லாம் அதில் சரியாக இருக்க வேண்டும். பின்னால் பிராதில் மாற்றி எழுதினால் அதுவே குறுக்கு விசாரணையில் ஆயுதமாகும். எழுத்து மூலம் வட்டி பேசாத கடனுக்கு, நோட்டீஸில் வட்டி கேட்ட நாளிலிருந்து நீதிமன்றம் வட்டி தர 1978-இன் வட்டிச் சட்டம் இடம் கொடுக்கிறது. நோட்டீஸ் அனுப்பினால் மட்டும் கெடு நீளாது என்பதையும் நினைவில் வையுங்கள்.

கடன் வாங்கியவர் கம்பெனியை மூடிவிட்டுத் தேனிக்கோ ஒடிசாவுக்கோ போய்விட்டாலும், பணம் கைமாறிய இடம் திருப்பூர் என்றால் வழக்கைத் திருப்பூரிலேயே போடலாம். நீதிமன்றக் கட்டணம் தமிழ்நாட்டில் 2017-இல் 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. 3 லட்சத்துக்கு 9,000. செக், புரோநோட்டு போன்ற எழுத்து இருந்தால் கிடைக்கும் சுருக்க விசாரணை முறை வாய்மொழிக் கடனுக்குக் கிடையாது. முழு விசாரணை நடக்கும். அதற்கான பொறுமை வேண்டும்.

விசாரணையில் வாதி கூண்டில் ஏறியாக வேண்டும். பிரதிவாதி ஏறாமல் நழுவினால் அவர் கதை பொய் என்று அனுமானிக்கலாம் என்று 1999-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சொத்தை அவசரமாக விற்றுக் கைகழுவப் பார்க்கிறார் என்று காட்ட முடிந்தால், தீர்ப்புக்கு முன்பே ஜப்தி கேட்கலாம். போலீஸ் ஸ்டேஷனில் பணம் வசூலாகும் என்று மட்டும் நம்பாதீர்கள். வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்ததாகக் காட்ட முடியாத வரை, கடனைத் தராதது மோசடிக் குற்றமாகாது.

வட்டி விஷயத்தில் ஆசை வேண்டாம். இரண்டு பைசா என்றால் ஆண்டுக்கு 24 சதவீதம். வாயால் பேசிய அந்த விகிதம் நிரூபணமாவது கடினம். சாதாரணக் கைமாற்றில் தீர்ப்புக்குப் பிறகு 6 சதவீதத்துக்கு மேல் கிடைக்காது. தண்டல், மீட்டர் வட்டி, கந்து வட்டி என்று வாங்கியவர் கோர்ட் வாசலை மிதித்தால், 2003-இன் தமிழ்நாடு கந்து வட்டித் தடைச் சட்டத்தில் அவரே குற்றவாளியாக நிற்க நேரிடும்.

பேசித் தீரும் என்றால் லோக் அதாலத் நல்ல வழி. அங்கே ஏற்பட்ட சமரசத்துக்கு மேல்முறையீடு இல்லை. கட்டிய கட்டணமும் திரும்பக் கிடைக்கும். கோர்ட்டுக்கு வெளியே தாங்களாகவே பேசி முடித்தவர்களுக்கும் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன ஒரு வழக்கில் 2021-இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. வழக்கே போடாமல் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவிலும் மனுக் கொடுக்கலாம்.

வாங்கியவருக்கும் ஒரு சொல்

இதே சட்டம் வாங்கியவரையும் காக்கிறது, அவரிடமும் எழுத்துக் கேட்கிறது. "வாங்கினேன், திருப்பிக் கொடுத்துவிட்டேன்" என்று சொன்ன நொடியில் கடன் நிரூபணமாகிவிடும். திருப்பிக் கொடுத்ததை நிரூபிக்கும் சுமை அவர் தோளுக்கு மாறிவிடும். ரொக்கமாகக் கொடுத்துவிட்டு ரசீது வாங்காதவர் இரண்டாம் முறை கொடுக்க நேரலாம். பிணையாகக் கொடுத்த வெற்றுச் செக்கையும் புரோநோட்டையும் பணம் அடைத்த அன்றே திரும்ப வாங்குங்கள்.

கைமாத்தை விட்டுவிடுங்கள் என்று இந்த ஊருக்குச் சொன்னால் யாரும் கேட்கப்போவதில்லை, கேட்கவும் தேவையில்லை. கொடுக்கும்போது வங்கி வழியாகக் கொடுங்கள். ஜிபேயில் குறிப்பு எழுதும் இடத்தில் "கடன்" என்று ஒரு சொல் போடுங்கள். வட்டியையும் வங்கி வழியாகவே வாங்குங்கள். ஆண்டுக்கு ஒருமுறையாவது அது செக்காக வரட்டும். ஆயுத பூஜைக்குக் கணக்குப் பார்க்கும்போது, "இன்று வரை இவ்வளவு பாக்கி" என்று தேதி போட்ட ஒரு வரியில் ஒரு கையெழுத்துக் கேளுங்கள். பணம் கொடுக்கும் நாளில் கேட்கக் கூச்சமாக இருந்தால், கணக்குப் பார்க்கும் நாளில் கேட்பதில் கூச்சம் இருக்காது. இவை எதையும் செய்யாமல் ஏற்கெனவே கொடுத்துவிட்டீர்கள் என்றால், கொடுத்த தேதியை இன்றே எடுத்துப் பாருங்கள். மூன்று ஆண்டு ஆகவில்லை என்றால், வழக்குக்கு இன்னும் வழி இருக்கிறது.